மண்ணை விற்றுச் சாப்பிட்ட தீவு

சரக்கு விற்ற காசு முழுவதும் இலாபம் அல்ல என்பது பெட்டிக்கடைக்காரருக்கும் தெரியும். ஒரு நாடே அதை மறந்த கதையை இவ்வாரம் பார்ப்போம்.

பசிபிக் சமுத்திரத்தில் நவுரு என்றொரு தீவு. பரப்பு 21 சதுர கிலோமீற்றர். நமது கொழும்பு மாநகரத்தை விடவும் சிறியது. அங்கு தோண்டிய உயர்தரப் பொஸ்பேற்று அவுஸ்திரேலிய, நியூஸிலாந்து வயல்களுக்கு உரமானது. 1968 இல் சுதந்திரம் கிடைத்தது. 1970 இல் சுரங்கமும் நவுருவின் கைக்கு வந்தது. பத்தாயிரம் பேர்கூட இல்லாத நாட்டில் பணம் வந்து கொட்டியது.

அதற்குப் பிறகுதான் வேடிக்கை. வருமான வரி கிடையாது. தீவைச் சுற்றி இருப்பது சுமார் 20 கிலோமீற்றர் பாதை ஒன்றுதான். அதில் ஓட விலையுயர்ந்த கார்கள் வந்திறங்கின. எங்கே போவதற்கு என்று யாரும் கேட்கவில்லை. அரசாங்கம் சொந்த விமான சேவை தொடங்கி போயிங் ஜெட் விமானங்களை வாங்கியது. ஆசனங்கள் பெரும்பாலும் காலியாகவே பறந்தன.

உச்சக்கட்டம் 1993. லியனார்டோ டாவின்சியின் காதலைப் பற்றி லண்டனில் ஓர் இசை நாடகம் அரங்கேறியது. ஏறத்தாழ 20 இலட்சம் பவுண் போட்டது நவுரு! முன்பு ஒரு பொப் இசைக்குழுவுடன் இருந்த ஆலோசகர் ஒருவரின் யோசனை அது. சில வாரங்களிலேயே நாடகம் மூடப்பட்டது.

மெல்பேர்னில் 1977 இல் எழுந்த 52 மாடி 'நவுரு ஹவுஸ்' கட்டடத்தையும் பலர் இந்தப் பட்டியலில் சேர்ப்பார்கள். நான் சேர்க்கமாட்டேன். நகரின் நடுவில் வாடகை தரும் சொத்து அது. பிழை, அதை ஈடு வைத்துக் கடன் எடுத்ததில்தான்.

கணக்கைக் கவனியுங்கள். பொஸ்பேற்று மீண்டும் முளைக்காது. விற்கும் ஒவ்வொரு தொன்னும் கைமுதலில் ஒரு துண்டு. அதை வருமானமாக எழுதிச் செலவழித்தார்கள். போதாதபோது கடன் வாங்கினார்கள். நம் கடைகளிலும் கல்லாப் பெட்டியில் கைவிட்டு வீட்டுச் செலவுக்கு எடுப்பவர், எடுப்பது இலாபமா முதலா என்று பார்ப்பதில்லை.

2004 இல் நவுரு ஹவுஸ் கடனுக்காக விற்கப்பட்டது. 2005 டிசம்பரில் எஞ்சியிருந்த ஒரே ஜெட் விமானத்தையும் கடன்காரர்கள் கொண்டுபோனார்கள். நிலத்தில் ஐந்தில் நான்கு பங்கு கூரிய சுண்ணாம்புக் கற்களாக நிற்கிறது.

2014 இல் அங்கு வருமான வரி வந்தது. 2015 இல் புதிய நம்பிக்கை நிதியம் ஒன்றும் தொடங்கினார்கள். இம்முறை அதன் நிர்வாகக் குழுவில் உதவி வழங்கும் வெளிநாடுகளும் அமர்ந்திருக்கின்றன.