பழைய திறன்பேசியைப் புதுக்குதல்

எப்பொருளையும் அதன் பயன் தீருமுன் கைவிடுதல் அறிவுடைமை ஆகாது. அளவெட்டி தவிலுக்கும் நாதசுரத்துக்கும் பேர்போன ஊர். தவிலின் தோல் தளர்ந்தால் கலைஞர் பலாக்கட்டையை எறிந்துவிடுவதில்லை. தோலை மாற்றி மீண்டும் முழங்கச் செய்வர். திறன்பேசியும் அத்தகையதே. கண்ணாடியும் மின்சுற்றும் அதன் கட்டை; அவற்றை இயக்கும் பணிசெயல் முறைமை அதன் தோல். வேகங் குன்றியதென்று நாம் அலுமாரியில் இட்டுவைத்த கருவிகள் பலவற்றிற் பழுதுற்றது கட்டையன்று; தோலேயாம்.

ஓர் எடுத்துக்காட்டுக் காண்போம். 2012 இல் வெளிவந்த சாம்சங் கலக்சி எஸ் 3 இன் ஒரு மாதிரிக்கு அந்நிறுவனம் ஆண்ட்ரொயிட் 4.3 வரையே வழங்கியது. 2025 தொடக்கத்தில் வட்ஸ்அப், 5.0 இற்குக் குறைந்த பதிப்புக்களைக் கைவிட்டது. ஆயின் ஆண்ட்ரொயிட்டின் மூலநிரல் யாவரும் எடுத்தாளத்தக்கது. ஆதலின் 2016 டிசெம்பரில் ஆர்வலர் கூடித் தொடங்கிய லினேஜ் ஓ.எஸ்., அதே கருவிக்கு 7.1 ஐ முன்னரே ஆக்கியளித்திருந்தது.

இனிச் செய்முறையை நோக்குவோம். முதலாவது, படங்கள், குரற்பதிவுகள், தொலைபேசி எண்கள் யாவற்றையும் வேறிடத்திற் படியெடுத்தல் வேண்டும். மீள நிறுவுங்கால் இவை அழிந்துபோம். மறைந்த பாட்டியின் குரல் அக்கருவி ஒன்றிலேயே இருத்தலுங்கூடும். இரண்டாவது, பதிந்துள்ள கூகிள் கணக்கை நீக்குக. இன்றேல் பின்னர்க் கடவுச்சொற் கேட்டு வழிமறிக்கும். மூன்றாவது, மாதிரி எண்ணைச் செவ்வனே அறிக. ஒரே பெயரில் வெவ்வேறு மாதிரிகள் உள. பிறிதொன்றின் கோப்பை ஏற்றின் கருவி முற்றாகச் செயலிழத்தலுங்கூடும். நான்காவது, மின்கலத்தை நன்கு மின்னேற்றுக. பழுதற்ற வடத்தினாற் கணினியோடு இணைத்து, பணி முடியுமட்டும் துண்டியாதிருக்க. முதலில் நிறுவனத்தின் சொந்த முறைமையையே மீள நிறுவிப் பார்த்தல் நன்று. வேற்று முறைமையை ஏற்காவண்ணம் பூட்டப்பட்ட கருவிகளும் உள.

இதற்கு எல்லையும் உண்டு. நலிந்த மின்கலம் இதனாற் புத்துயிர் பெறாது. பாதுகாப்புத் திருத்தங்கள் நின்றுபோன கருவியில் வங்கிக் கணக்கைக் கையாளுதல் தகாது. பாடம் படித்தற்கும், 2005 இல் தொடங்கிய நூலகம் இணையத்தில் ஈழத்துத் தமிழ் நூல்களைப் பயில்வதற்கும் அது போதும்.

2020 இற் பள்ளிகள் மூடப்பட்டபோது கருவியின்றிப் பாடமிழந்த பிள்ளைகளை நாம் மறத்தலாகாது. பழைய மாணவர்கள் தம்மிடம் உறங்குங் கருவிகளைத் தந்துதவுக. மாணவர்கள் இக்கைவினையைக் கற்று அவற்றை எழுப்புக. ஒரு கருவி எழுந்தால் ஒரு பிள்ளையின் கல்வி எழும்.