மூடுபனிக்குள் ஒரு முகம்

கேள்வி: ஐயா, நான் பசறைப் பக்கத்துத் தோட்டமொன்றில் இருக்கிறேன். உயர்தரம் எழுதிவிட்டேன். சினிமா ஒளிப்பதிவாளராக வேண்டும் என்று ஆசை. அம்மா கொழுந்து எடுக்கிறார். என்னிடம் இருப்பது ஒரு போன் மட்டும்தான். இங்கிருந்து அதற்கு வழி இருக்கிறதா?
– வாசகி, பதுளை மாவட்டம்

பதில்: இருக்கிறது, தங்கச்சி. ஒளிப்பதிவாளர் பாலு மகேந்திரா நம் நாட்டுக்காரர். மட்டக்களப்பு அமிர்தகழியில் 1939இல் பிறந்தவர். பள்ளி மாணவனாகச் சுற்றுலா போனபோது, கித்துல்கலையில் டேவிட் லீன் படம் எடுப்பதைப் பார்த்தார். அன்று பிடித்த ஆசை அவரை விடவே இல்லை. கொழும்பில் படவரைஞர் வேலை பார்த்துவிட்டுத்தான் புனே திரைப்படக் கல்லூரிக்குப் போனார். இயக்கம் படிக்க நினைத்தவருக்குக் கிடைத்தது ஒளிப்பதிவு. 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். ‘கோகிலா’வுக்கும் ‘மூன்றாம் பிறை’க்கும் ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றார். ‘மூன்றாம் பிறை’யின் கடைசிக் காட்சி நீலகிரியின் கேத்தி ரயில் நிலையத்தில் எடுத்தது. அந்த ஈரமும் மலைவெளிச்சமும் பதுளைப் பாதையில் ரயிலேறிய உங்களுக்குப் பழகியவைதான்.

போலந்தில் பிறந்த ஒளிப்பதிவாளர் ஜானுஸ் காமின்ஸ்கியும் 1981இல் ஊரைவிட்டு அமெரிக்கா போய், சிகாகோவில் படித்து, சின்னச் சின்னப் படங்களில் வேலை செய்தவர். பிறகுதான் ‘ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்’டும் ஆஸ்கரும்.

இப்போது உங்கள் போனுக்கு வருகிறேன். விடிகாலையில் அம்மா பிரட்டுக்குக் கிளம்பும்போது, பின்னால் மூடுபனி வெள்ளையாக நிற்க ஒரு படம் எடுங்கள். பனி சாம்பலாகி, முகம் கறுத்துப் போயிருக்கும். போன் அந்த வெள்ளையைப் பார்த்து வெளிச்சத்தைக் குறைத்துவிடுகிறது. திரையில் அம்மாவின் முகத்தைத் தொட்டு, வெளிச்சத்தைக் கூட்டுங்கள். பனி வெளுத்துப் போனால் போகட்டும், முகம்தான் முக்கியம். அடுத்து அம்மாவை இஸ்தோப்பிலிருந்து காம்பராவுக்குள் ஓரடி தள்ளி, வாசலுக்குப் பக்கவாட்டாக நிற்கச் சொல்லுங்கள். ஒரு கன்னத்தில் வெளிச்சமும் மறு கன்னத்தில் நிழலும் மெதுவாக விழும். விளக்கே வேண்டாம். பாலு மகேந்திரா உயிராக நேசித்தது இந்த இயற்கை வெளிச்சத்தைத்தான். ஒரே இடத்தில், காலை ஆறு, பத்து, மாலை நாலு என்று ஒரு மாதம் எடுத்துப் பாருங்கள்.

ஒன்று சொல்லியாக வேண்டும். புனேயில் ஒளிப்பதிவு படிக்க ஒரு பட்டம் வேண்டும். வெளிநாட்டு மாணவர்களுக்கும் அங்கே இடமுண்டு. அதனால் பல்கலைக்கழக வாய்ப்பு வந்தால் விட்டுவிடாதீர்கள்.

மாத முடிவில் ஆறு படங்களை எனக்கு அனுப்புங்கள். எத்தனை மணிக்கு எடுத்தது, வெயிலா பனியா என்று ஒவ்வொன்றுக்கும் எழுதுங்கள். அம்மாவிடம் கேட்டுவிட்டு அனுப்புங்கள்.