காப்பு அவிழ்த்த பிறகு வந்த உத்தரவு

அன்புள்ள நண்பருக்கு,

கடிதத்தோடு நீங்கள் வைத்திருந்த உத்தரவு நகலைப் படித்தேன். மொத்தமே நான்கு வரி. பங்குனித் திருவிழாவில் வள்ளி திருமணம் நாடகம் போட போலீஸ் அனுமதி தரவில்லை. ரிட் மனு போட்டீர்கள். அரசுத் தரப்பு பதில் சொல்ல ஒரு வாரம் அவகாசம் கேட்டது. அதற்குள் கோயிலில் காப்பு அவிழ்த்தாயிற்று. திருவிழா முடிந்துவிட்டதால் மனு பயனற்றுப் போய்விட்டது என்று சொல்லி வழக்கை முடித்துவிட்டார்கள். வக்கீல் ‘இன்ஃப்ரக்சுவஸ்’ என்றாராம். ஊர்க்கூட்டத்தில் ஜெயித்தோம் என்பதா, தோற்றோம் என்பதா என்று கேட்கிறீர்கள்.

இரண்டும் இல்லை. அனுமதி மறுத்தது சரியா, தவறா என்ற கேள்வியை நீதிமன்றம் தொடவே இல்லை. அடுத்த ஆண்டு யாராவது இந்தத் தாளை நீட்டி, ‘கோர்ட்டே தள்ளிவிட்டதே’ என்றால் ஒத்துக்கொள்ளாதீர்கள்.

வழக்கை இப்படி முடிப்பதே அநியாயம் என்று நான் சொல்லமாட்டேன். சொந்தத் தொழிலுக்கு இடம் வேண்டும், வாடகைக்காரரைக் காலி செய்யுங்கள் என்று கேட்ட ஒரு கட்டட உரிமையாளருக்கு, வழக்கு நடக்கும்போதே வேறு இடம் கிடைத்துவிட்டது. 1975இல் அந்த வழக்கில் தீர்ப்பெழுதிய நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர், இடையில் நடந்ததையும் நீதிமன்றம் கணக்கில் எடுக்கலாம் என்றார். தேவை தீர்ந்த பிறகு ஒருவரைத் தெருவில் நிறுத்துவதில் என்ன நியாயம்?

ஆனால், இடையில் ஏதோ நடந்துவிட்டது என்பதாலேயே நீதிமன்றத்தின் கை கட்டப்பட்டுவிடுவதில்லை. அருணாசலப் பிரதேசத்தில் சட்டமன்றக் கூட்டத்தை ஆளுநர் தன் விருப்பத்துக்கு முன்கூட்டியே கூட்டினார். பிறகு குடியரசுத் தலைவர் ஆட்சி வந்து, அதுவும் போய், புது முதல்வரே பதவியேற்றுவிட்டார். அப்படியிருந்தும் 2016 ஜூலை 13 அன்று உச்ச நீதிமன்றம், 2015 டிசம்பர் 15 அன்று இருந்த நிலை திரும்ப வேண்டும் என்றது. ஏழு மாதம் பின்னால் போய் நின்றது கடிகாரம்.

மகாராஷ்டிரத்தில் அது நடக்கவில்லை. நம்பிக்கை வாக்கெடுப்புக்கு ஆளுநர் அழைத்தது சரியல்ல என்று 2023 மே மாதம் அதே நீதிமன்றம் சொன்னது. ஆனால் வாக்கெடுப்புக்கு முதல் நாள் இரவே அப்போதைய முதல்வர் உத்தவ் தாக்கரே ராஜினாமா செய்துவிட்டதால், அவரை மீண்டும் நாற்காலியில் உட்காரவைக்க முடியாது என்றும் சொல்லிவிட்டது. அங்கே வழியை அடைத்தது அவர் கையெழுத்தேதான்.

உங்கள் விஷயத்துக்கு இன்னும் நெருக்கமானது அமெரிக்காவின் 1973ஆம் ஆண்டுக் கருக்கலைப்பு வழக்கு. கர்ப்பம் ஒன்பது மாதத்தில் முடிந்துவிடும், மேல்முறையீடு அதற்குள் முடியாது. அதனால், திரும்பத் திரும்ப வரக்கூடிய, ஒவ்வொரு முறையும் விசாரணைக்குத் தப்பிவிடக்கூடிய பிரச்சினையை ‘காலம் கடந்தது’ என்று தள்ளக் கூடாது என்றது அந்நாட்டு உச்ச நீதிமன்றம். அந்தத் தீர்ப்பு தந்த உரிமை 2022இல் பறிபோனது. இந்தத் தர்க்கம் மட்டும் எனக்கு இன்றும் சரியாகவே படுகிறது. திருவிழாவும் வருஷா வருஷம் வருவதுதானே?

உங்கள் மனுவின் கோரிக்கைப் பத்தியை மறுபடி படித்துப் பாருங்கள். குறிப்பிட்ட ஒரு நாளில் நாடகம் நடத்த அனுமதி என்று மட்டும் இருக்கிறது. அந்த நாள் போனதும் மனுவும் கூடவே போய்விட்டது. மறுத்த உத்தரவை ரத்து செய்யவும், இனி கொடுக்கும் விண்ணப்பங்களை இத்தனை நாளுக்குள் முடிவுசெய்யவும் கேட்டிருந்தால், தேதி போன பிறகும் வாதாட ஏதாவது மிஞ்சியிருக்கும். வாய்தா கேட்ட அன்றே, ‘திருவிழா வியாழக்கிழமை, அதற்குள் எடுங்கள்’ என்று வக்கீல் எழுந்து சொல்லியிருக்க வேண்டும்.

ஊர்க்கூட்டத்தில் இதையே சொல்லுங்கள்: கேள்வி அப்படியே நிற்கிறது. அடுத்த பங்குனிக்கு, தை பிறந்ததுமே ஸ்டேஷனில் விண்ணப்பத்தைக் கொடுங்கள். ஒப்புகைச் சீட்டு வாங்க மறக்காதீர்கள்.

அன்புடன்,
உங்கள் கட்டுரையாளர்