அசோகவனத்தில் சரமை

உடலில் ஒரு காயமுமின்றி ஒருவரை நாள்தோறும் வதைக்க முடியும் என்பதை வால்மீகி முனிவர் அசோகவனக் காட்சிகளில் நுட்பமாகக் காட்டுகிறார்.

சுந்தர காண்டத்தில் ராவணன் சீதையிடம் முதலில் பேசுவது இனிய சொற்களையே. அழகைப் புகழ்கிறான், பட்டமகிஷியாக்குவதாகக் கூறுகிறான். அவள் மறுத்ததும், இரண்டு மாதத்திற்குள் இணங்காவிட்டால் சமையற்காரர்கள் அவளைத் தன் காலை உணவுக்காக வெட்டுவார்கள் என்கிறான். அவள்மீது கொண்ட ஆசையே தன் சினத்தை அடக்கி வைத்திருக்கிறது என்று அதையும் ஒரு சலுகைபோல் சொல்கிறான். நல்லவரும் சில வேளை சுடுசொல் கூறுவர். பின்னர் அதற்காக வருந்துவர். ராவணனிடமோ கொஞ்சலும் மிரட்டலும் ஒரே நோக்கத்தின் இரு கருவிகள். துணையின்றித் தனியே இருப்பவளிடம்தான் இவை எளிதில் பலிக்கும்.

யுத்த காண்டத்தில் அவன் இன்னும் ஒருபடி கீழே இறங்குகிறான். வித்யுஜ்ஜிஹ்வன் என்ற மாயாவி உருவாக்கிய ராமனின் தலையைச் சீதையின்முன் வைக்கச் செய்கிறான். தன் கண்களையே நம்பி ஏமாந்த அவள், துயர மிகுதியில் தன்னையே குலத்திற்குக் கேடானவள் என்று நிந்தித்துக் கொள்கிறாள். தீங்கு செய்தவன் ஒருவன், குற்றவுணர்வு வேறொருவருக்கு! இத்தகைய துன்பத்தின் உச்சம் இதுவே.

"கை நீட்டவில்லையே, பொறுத்துப் போ" என்று இன்றும் பலர் அறிவுரை கூறுவதுண்டு. 2006 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம், 2005, இழிவுபடுத்துதலையும் ஏளனத்தையும் வன்முறை என்றே கொள்கிறது. 181 என்ற உதவி எண்ணில் இதற்காகவும் பெண்கள் உதவி கோரலாம்.

அசோகவனத்தில் சீதைக்கு உதவியவள் ராவணனே காவலுக்கு அமர்த்திய சரமை. அவள் சீதையிடம் பொறுமையைப் போதிக்கவில்லை. மறைந்திருந்து தான் கேட்டதைக் கூறி, அந்தத் தலை மாயை என்று விளக்குகிறாள். படைமுரசின் ஒலியைக் கேட்கச் செய்கிறாள். குலைக்கப்பட்ட உண்மை மீண்டும் நிலைபெறுகிறது. பின்னர், ராமனிடம் செய்தி கொண்டுசெல்லவா என வினவுகிறாள். சீதை விரும்புவதோ வேறு: ராவணனின் முடிவை அறிந்து வரவேண்டும். சரமை தன் யோசனையை வற்புறுத்தாமல், கேட்டதைச் செய்யப் புறப்படுகிறாள்.

திரும்பி வந்தவள் கசப்பானதையும் மறைக்கவில்லை. ராவணனின் தாயும் முதிய அமைச்சரும் சீதையை விடுவிக்கும்படி வேண்டியதையும், அவன் அதற்கு இசையாததையும் உள்ளபடியே கூறுகிறாள்.