நண்பகலில் விழும் ஹோல்டர்

அன்புள்ள தம்பி,

பருத்தித்துறைக்கும் யாழ்ப்பாணத்துக்கும் இடையே வாடகைக்கு ஓடத் தொடங்கியிருக்கும் உன் காரில், காலையில் முன்கண்ணாடியில் ஒட்டிவைத்த போன் ஹோல்டர் நண்பகலானதும் தானாகவே கழன்று விழுகிறதென்றும், அதன் உறிஞ்சும் சக்தி தீர்ந்துவிட்டது, விலை கூடியதாக வேறொன்று வாங்கு என்று கடைக்காரர் சொன்னாரென்றும், அப்படியானால் தீர்ந்துபோன சக்தி மறுநாட் காலையில் எங்கிருந்து திரும்பி வருகிறதென்றும் கேட்டு எழுதியிருந்தாய். அந்தக் கடைசிக் கேள்விக்காகவே இந்தக் கடிதத்தைச் சற்று நீட்டி எழுதுகிறேன். விலையைக் கூட்டினால் விழாது என்ற எண்ணம் எங்கும் பரவிக் கிடக்கிறது. பொருளைத் தாங்கி நிற்பது எந்த விசை என்று விசாரியாமல் பணத்தைச் செலவிடுவதைக் காண எனக்குப் பொறுக்கவில்லை.

உன் ஹோல்டரின் அடியிலுள்ள கிண்ணம் எதையும் உறிஞ்சுவதில்லை. உறிஞ்சும் சக்தி என்றொன்று இயற்கையில் இல்லை. கிண்ணத்தினுள் இருந்த வளியை நாம் வெளியேற்றிவிட்டபடியால், வெளியே இருக்கும் வளிமண்டலம் அதைக் கண்ணாடியோடு சேர்த்து அமுக்கிப் பிடிக்கிறது, அவ்வளவே. இதை நீ வகுப்பிலே படித்தவன்தான். ஆயினும் படித்தவர்களே வீதிக்கு வந்ததும் இதை மறந்துவிடுகிறார்கள். நம்முடைய தோட்டங்களில் துலா மிதித்து இறைத்த காலம் மாறி நீரிறைக்கும் இயந்திரம் வந்தபோது, இயந்திரம் தண்ணீரை இழுக்கிறது என்று எல்லாரும் நம்பினார்கள், இன்றும் நம்புகிறார்கள். இழுப்பது உண்மையானால் எத்தனை ஆழத்திலிருந்தும் இழுக்கலாம் அல்லவா? கிணற்றின் மேலே வைத்த இயந்திரம், அது எவ்வளவு வலியதாயினும், 10.3 மீற்றருக்குக் கீழேயுள்ள நீரை உறிஞ்சுகுழாய் வழியே மேலேற்ற மாட்டாது. நடைமுறையில் 7 அல்லது 8 மீற்றரைத் தாண்டினாலே அது திணறும். கிணற்று நீரின்மேல் அழுத்திக்கொண்டிருக்கும் வளிமண்டலம் அந்த உயரத்துக்கு மட்டுமே நீரைத் தள்ளவல்லது என்பதே காரணம்.

இந்த எல்லையைக் கலிலியோ அறிந்திருந்தார். 1638ஆம் ஆண்டில் வெளிவந்த தமது நூலில் அதைக் குறிப்பிட்டு, நீர்நிரல் தன் பாரத்தைத் தானே தாங்காமல் அறுந்துவிடுகிறது என்று காரணமும் சொன்னார். அவருடைய இறுதி மாதங்களில் அவரோடு உடனிருந்த தொரிச்செல்லியே, இரசத்தைக் கண்ணாடிக் குழாயில் நிறைத்துக் கவிழ்த்து, அது 76 சென்ரிமீற்றரில் நிற்பதைக் கண்டு, அறுவதுமில்லை, இழுபடுவதுமில்லை, வெளியேயிருந்து தள்ளப்படுகிறது என்று தெளிந்தார். ஆசானின் விளக்கத்தோடு அமைதி கொள்ளாத சீடன் அவர். இளமையில் இந்த வரலாற்றை வாசித்த நாள்தொட்டு, வகுப்பில் யாராவது எழுந்து "அப்படியானால்" என்று தொடங்கினால் எனக்கு அவரே நினைவுக்கு வருவார். மக்டபேர்க் நகரத் தலைவராயிருந்த ஒற்றோ வொன் கெரிக், இரண்டு உலோக அரைக்கோளங்களைப் பொருத்தி உள்ளிருந்த வளியை அகற்றி, இருபுறமும் குதிரைகளைப் பூட்டி இழுக்கவைத்து, அவை பிரிக்கமாட்டாமல் தவிப்பதை மக்களுக்குக் காட்டியதும் அதே நூற்றாண்டிலேதான். உன் கண்ணாடியில் ஒட்டியிருப்பது அந்த அரைக்கோளங்களின் ஏழைப் பேரன்.

இனிக் கணக்குக்கு வருவோம். 7 சென்ரிமீற்றர் விட்டமுள்ள கிண்ணத்தின் பரப்பு ஏறக்குறைய 38 சதுர சென்ரிமீற்றர். உள்ளே வளியே இல்லையென்று கொண்டால் வளிமண்டலம் அதை 40 கிலோகிராம் பாரத்துக்குச் சமமாக அமுக்கும். உன் கைத்தொலைபேசியோ 200 கிராம். பிறகேன் விழுகிறது? உள்ளே எஞ்சிய வளி சூடேறி விரிவதனால் என்று நீ ஊகித்திருக்கிறாய். ஊகம் தவறன்று, ஆனால் போதாது. காலையில் 28 பாகையாக இருந்த வளி நண்பகலில் 70 பாகையாவதாகக் கொண்டாலும் அதன் அமுக்கம் ஏழில் ஒரு பங்கே கூடும். அதனால் மட்டும் விழ நியாயமில்லை. பிரதான காரணம் கிண்ணத்தின் சரீரம். மலிந்த கிண்ணங்கள் மென்மையாக்கும் எண்ணெய் கலந்த பிளாஸ்ரிக்கினால் ஆனவை. உஷ்ணத்தில் அவை தளர்ந்து, மீண்டெழும் தன்மையை இழக்கின்றன. விளிம்பு சோர, வளி மெல்ல உட்புகுகிறது. இரவின் குளிர்ச்சியில் பிளாஸ்ரிக் மறுபடி இறுகுவதால் காலையில் நீ ஒட்டும்போது பிடித்துக்கொள்கிறது. உன் கேள்விக்கு விடை இதுதான். நாட்செல்ல அந்த எண்ணெயும் கசிந்து போய், கிண்ணம் விறைத்து வெடிக்கும்.

இதன்மேல் நமது ஊரின் விசேஷம் ஒன்று சேர்கிறது. சோளகக் காற்று வீசும் மாதங்களில் வல்லைவெளியைக் கடந்து வரும் எந்த வண்டியின் கண்ணாடியையும் விரலால் தடவிப் பார்: உப்பும் புழுதியும் சேர்ந்த மெல்லிய படலம் ஒன்று விரலில் ஒட்டும். கடலும் உப்புவெளியும் சூழ்ந்த குடாநாட்டில் இது தவிர்க்கமுடியாதது. விளிம்பின் கீழே ஒரு மணல்மணி அகப்பட்டாலும் வளி புகுவதற்கு அது வாசல். ஆகவே கிண்ண வகையையே வைத்திருக்க விரும்புவாயானால், கிண்ணத்தையும் கண்ணாடியையும் சவர்க்கார நீரால் கழுவி உலர்த்திய பிறகே ஒட்டு. உதட்டு எச்சிலைத் தடவி ஒட்டும் வழக்கத்தை விட்டுவிடு.

ஆனால் உஷ்ணத்தைக் காட்டிலும் பெரிய சத்துரு, ஹோல்டரின் கை செய்யும் நெம்பு. இதைப் பெட்டியில் எவரும் அச்சிடுவதில்லை. முந்நூற்றறுபது பாகையும் சுழலும் என்பதை மட்டும் பெரிய எழுத்தில் அச்சிடுகிறார்கள். சுழன்று என்ன பயன்? 5 சென்ரிமீற்றர் நீளக் கையில் இருக்கும் போன் கிண்ணத்தை முறுக்குவதைப்போல் நான்கு மடங்கு முறுக்கும், அதே போன் 20 சென்ரிமீற்றர்க் கையின் நுனியில் இருந்தால். புங்குடுதீவுப் பாதையிலோ, செப்பனிடப்படாத ஒரு குச்சொழுங்கையிலோ சில்லு குழியில் இறங்கி ஏறும்போது அந்த 200 கிராம் கணநேரத்துக்கு இரண்டு மூன்று மடங்காகப் பாரிக்கிறது. அந்த முறுக்கு கிண்ணத்தின் மேல்விளிம்பைத்தான் முதலில் உரிக்கிறது. 40 கிலோகிராம் தாங்கும் என்ற கணக்கு நேராக இழுப்பதற்கு உரியது. விளிம்பில் உரிப்பதற்கு அது பொருந்தாது. வளைந்து நெளியும் நீண்ட கையுடையதை இலவசமாகத் தந்தாலும் வாங்காதே. அந்தக் கையின் நுனியில் போன் ஓயாமல் நடுங்கும். நடுங்கும் படத்தைப் பார்த்து வழி தேடுகிறவன் வீதியைப் பாராதவன். அந்த அதிர்வு கமராவுக்கும் ஆகாது. மோட்டார்சைக்கிளின் அதிர்வு ஐபோன் கமராக்களைப் பழுதாக்கக்கூடும் என்று அப்பிள் நிறுவனமே 2021இல் எச்சரித்தது.

காந்த வகையைப் பற்றியும் கேட்டிருந்தாய். அதன் பிடி நேரே இழுப்பதற்கு எதிராக வலியது. கீழ்நோக்கி வழுக்குவதைத் தடுப்பதோ உராய்வு மட்டுமே. குழியில் போன் சறுக்கி விழுவது இதனால். அன்றியும் இவற்றிலுள்ள நியோடிமியக் காந்தங்களில் சாதாரண ரகம் 80 பாகைக்கு மேலே தன் வலிமையில் ஒரு பகுதியை நிரந்தரமாக இழக்கும். வெயிலில் நிறுத்திய காரின் டாஷ்போட் 70 பாகையைத் தாண்டி அந்த எல்லையை நெருங்குவதுண்டு. நல்லூர்த் திருவிழாக் காலத்தில் நாள் முழுவதும் வெளியில் நிற்கும் கார்களை நினைத்துப் பார். இருபக்கமும் ஒட்டும் நுரைநாடா வகை இவ்விரண்டிலும் நம்பத்தக்கது. நல்ல அக்கிரிலிக் நாடா 90 பாகை வரை தாங்கும். ஆனால் முழுப் பிடி ஏற 72 மணித்தியாலம் வேண்டும். ஒட்டிய அன்றே போனை மாட்டிவிட்டு நாடாவைக் குறை கூறுவது நியாயமன்று. டாஷ்போட்டுக்குப் பளபளப்புத் தைலம் பூசுகிறவர்களின் வண்டியில் எந்த நாடாவும் நில்லாது.

எல்லாவற்றிலும் எனக்கு உவப்பானது வளியையும் பசையையும் நம்பாத வகை: ஏசிக் காற்று வரும் வாயின் தகட்டுக்குப் பின்னே கொளுவி, முன்னே திருகினால் இறுகும் கொக்கியுடையது. வெறும் கவ்வி வேறு, திருகுகொக்கி வேறு. கவ்வியின் வில் நாளடைவில் தளரும், திருகைத் தளர்ந்தபோது மறுபடி இறுக்கலாம். கையின் நீளம் நாலு விரற்கடைக்கு மேற்படாமலும், பாரம் தகட்டை முறிக்காதபடி டாஷ்போட்டில் ஊன்றும் கால் ஒன்றுடனும், போனின் அடியைத் தாங்கும் பாதத்துடனும் இருக்கவேண்டும். விலை குறைந்தவற்றிலும் இத்தகையவை கிடைக்கின்றன. கடையில் வைத்து இறுக்கிக் குலுக்கிப் பார்த்து வாங்கு. இதில் இன்னொரு நன்மை, வெயிலுக்கு எதிரே கண்ணாடியில் வேகாமல் குளிர்காற்றின் முன்னே போன் இருக்கும் என்பது. ஐபோனைப் பாவிப்பதற்கு அதன் செய்தோர் வகுத்த சுற்றுவெப்பநிலை 35 பாகை வரையே. ஆனையிறவைத் தாண்டி வவுனியா நோக்கி மதியத்தில் ஓடும்போது, கண்ணாடியில் ஒட்டிய போன் சூடேறி வெளிச்சத்தைத் தானே குறைத்துக்கொள்வதை நீயே கண்டிருப்பாய். மின்கலத்தின் ஆயுளும் இந்தச் சூட்டில் தேய்கிறது.

உன் மாமா வைத்திருக்கும் மொறிஸ் மைனருக்கும் ஒன்று வேண்டுமென்றாய். பெற்றோல் வராத தொண்ணூறுகளில் மண்ணெண்ணெயில் ஓடி நம்மைச் சுமந்த அந்த வண்டிகளின்மேல் எனக்குள்ள மதிப்பு உனக்குத் தெரியும். அதில் காற்று வாயில்லை, கொக்கி பயன்படாது. ஆனால் அதன் டாஷ்போட் உருக்குத் தகடு; அதன் கீழே திறந்த தட்டு ஒன்றும் உண்டு. அந்தத் தட்டின் விளிம்பில், வெயில் படாத நிழலில், சிறிய திருகுக்கவ்வி ஒன்றைப் பூட்டினால் போதும். பழைய தகட்டில் துளையிட வேண்டாம் என்று மாமாவிடம் நான் சொன்னதாகச் சொல்.

எந்த வகையானாலும் உன் பார்வைக்குக் குறுக்கே வைக்காதே. காரை நிறுத்திப் போகும்போது போனை அதில் விட்டுவிட்டுப் போகாதே. உன் காரின் காற்று வாய் வட்டமானதா, கிடைத் தகடுகளுடையதா என்பதைப் பார்த்து எனக்கு எழுது. வட்டமானதாயின் கொக்கி வாங்காதே; சொரசொரப்பில்லாத நிழலிடம் ஒன்று பார்த்து, நுரைநாடா வகையில் கை மிகக் குறுகியதைத் தெரிந்து வாங்கு.

இப்படிக்கு,
உன் பழைய பௌதிக ஆசிரியர்