சுசீந்திரம் கோயிலும் தேர்த்தெருவும்

சுவாமிதோப்புப் பதிக்கு வருகிறவர்களில் பலர் பக்கத்திலுள்ள சுசீந்திரம் கோயிலையும் பார்த்திருப்பார்கள். தாணு என்றால் சிவன், மால் என்றால் திருமால், அயன் என்றால் பிரம்மா. மூவரும் ஒரே லிங்கத்தில் இருப்பதால் தாணுமாலயன் என்று பெயர். ராஜகோபுரம் ஏழு நிலை, 134 அடி.

ஆனால் நின்று பார்க்க வேண்டியது அலங்கார மண்டபத்து இசைத்தூண்களை. பெரிய தூண்கள் நான்கு. ஒவ்வொன்றிலும் பல சிறுதூண்கள். ஒவ்வொரு பெரிய தூணும் ஒரே கல்லில் செதுக்கியது. தட்டினால் சிறுதூண்கள் வெவ்வேறு சுரம் தரும். செதுக்கும்போது ஒன்று ஒடிந்திருந்தாலும் முழுக்கல்லும் வீண். சிற்பிக்கு எவ்வளவு நிதானம் இருந்திருக்க வேண்டும்!

அந்த ஓசையைக் கேட்க, தாழ்ந்தவர் என்று ஒதுக்கப்பட்ட மக்களுக்கு வழியில்லை. கோயிலுக்குள் மட்டுமல்ல, சுற்றியுள்ள தேர்த்தெருக்களிலும் நடக்கக் கூடாது. அய்யா வைகுண்டரை அரசனின் ஆட்கள் பிடித்துக்கொண்டு போனதும் இதே சுசீந்திரத்துக்குத்தான். அந்தத் தெருவில் நடக்கும் உரிமைக்காக 1926-ல் சத்தியாகிரகம் நடந்தது. கோயில் வாசலோ திருவிதாங்கூர் மன்னர் சித்திரைத் திருநாளின் பிரகடனத்தால் 1936 நவம்பர் 12-ல்தான் திறந்தது.

அதற்கு ஏறத்தாழ நூறாண்டுக்கு முன்பே சுவாமிதோப்பில் எல்லாச் சாதியாரும் ஒரே முத்திரிக்கிணற்றுத் தண்ணீரில் குளித்தார்கள். இன்றும் அங்கே பதமிட்ட பிறகே மக்கள் பதிக்குள் போகிறார்கள்.