ஆக்சிஜன் கருவி உள்ள வீட்டில் எம்.சி.பி. எவ்வளவு ஆம்பியர்?

நாட்பட்ட நுரையீரல் நோயாளர் பலரை ஆக்சிஜன் செறிவூட்டியுடன் வீட்டிற்கு அனுப்பி வைக்கிறோம். மூக்குக்குழாய் பொருத்தும் முறையைக் கற்பிக்கையில், கருவி எந்த மின்சுற்றில் இணைக்கப்படும் என்பதையும் நாங்கள் கேட்பதுண்டு. "இரவில் எம்.சி.பி. விழுந்துகொண்டே இருந்தது, பெரியதாக மாற்றிவிட்டோம்" என்னும் விடையே எங்களுக்குக் கவலை தருவது.

கணக்கு எளியது. வாட் அளவை 230 வோல்ட்டால் வகுத்தால் ஆம்பியர் கிடைக்கும். ஐந்து லிட்டர் செறிவூட்டிக்கு ஏறத்தாழ 350 வாட், ஒன்றரை ஆம்பியர்தான். அதே சுற்றில் 2,000 வாட் ஏ.சி.யும் 3,000 வாட் கீசரும் சேர்ந்தால் மொத்தம் 23 ஆம்பியரைத் தாண்டும். 16 ஆம்பியர் எம்.சி.பி. விழுவது பழுதன்று, அதன் கடமை.

எம்.சி.பி. காப்பது கருவியை அன்று, சுவருக்குள் ஓடும் கம்பியை. 1.5 சதுர மி.மீ. செம்புக் கம்பிக்குப் பொதுவாக 10 ஆம்பியர், 2.5க்கு 16 அல்லது 20, 4க்கு 25. 2.5 கம்பிக்கு 32 ஆம்பியர் பொருத்தினால், கம்பி சூடேறி அதன் உறை இளகும்வரை எம்.சி.பி. வாளாவிருக்கும். ஆக்சிஜன் செறிந்த படுக்கையறையில் தீப்பொறி ஒன்று விழுந்தால் துணியும் மெத்தையும் வழக்கத்தினும் விரைவாக எரியும். பீஸ் கட்டையில் தடித்த கம்பி சுற்றும் பழக்கம் தோட்டத்துச் சாளைகளில் இன்னும் உண்டு. அதுவும் இதே தவறுதான்.

போர்வெல் மோட்டார் தொடங்கும் கணத்தில் ஐந்தாறு மடங்கு மின்னோட்டம் இழுக்கும். பம்புசெட்டுக்குப் பெயர்பெற்ற கோவையில் இதை விளக்க வேண்டியதில்லை. அதற்குரிய தீர்வு 'சி' வகை எம்.சி.பி.; கூடுதல் ஆம்பியர் அன்று.

மின்னதிர்ச்சியைத் தடுப்பது வேறொரு சாதனம். 30 மில்லிஆம்பியர் கசிந்தாலே ஆர்.சி.சி.பி. துண்டித்துவிடும். அதனினும் மிகுந்த மின்னோட்டம் நெஞ்சின் வழியே நீடித்தால் இதயத்துடிப்பு சிதறும் அபாயம் உண்டு. 16 ஆம்பியர் என்பதோ அதன் ஐந்நூறு மடங்குக்கும் மேல், எம்.சி.பி.யை நம்பி ஈரக்கையால் சுவிட்சைத் தொடலாகாது.

ஆகவே, செறிவூட்டிக்கு டி.பி. பெட்டியிலிருந்து தனிச்சுற்று எடுக்குமாறு உரிமம் பெற்ற மின்பணியாளரிடம் கூறுங்கள். நீட்டிப்புப் பெட்டி வேண்டா. புதிய ஏ.சி. வாங்கும் முன் வீட்டின் மொத்தச் சுமை, மெயின் சுவிட்சின் அளவுக்கும் மின்வாரியம் அனுமதித்த கிலோவாட்டுக்கும் உட்பட்டதா என்றும் பாருங்கள். மிகுந்தால் கூடுதல் சுமைக்கு விண்ணப்பிக்க வேண்டும். மின்தடை எப்போதும் வரலாம். நிரப்பிய ஆக்சிஜன் உருளை ஒன்று, திறவுகோலுடன், கட்டிலருகே சாயாதவாறு நிற்கட்டும்.